கொடி விழுந்தபோது நான் நின்ற இடம்

1. முதல் நாள்

நான் செஸ் நடுவராகப் போன முதல் நாள், மண்டப வாசலில் நின்றவர் என்னை மறித்து, பிள்ளைகளைக் கூட்டிவந்த தாய்மார் கீழே இருக்க வேண்டும் என்றார். எனக்குப் பிள்ளையும் இல்லை, கூட்டிவர ஆளும் இல்லை. அடையாள அட்டையை எடுத்துக் காட்டினேன். அவர் அதை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்துவிட்டுத்தான் வழி விட்டார்.

தொண்ணூறுகளின் தொடக்கம் அது. ரொறன்ரோவில் வாரக்கடைசிப் போட்டிகளில் பெண்களைக் காண்பது அரிது. என்னை இந்த வேலைக்கு இழுத்தவர் தலைமை நடுவராக இருந்த பரமேஸ் அண்ணை. வெக்ஸ்போர்ட்டில் நான் இருந்த அதே பில்டிங்கில் இருந்தவர். யாழ்ப்பாணத்தில் நான் பள்ளிக்கூட அணிக்கு விளையாடியது அவருக்குத் தெரியும்.

“சனி ஞாயிறில வீட்டில இருந்து சுவரைப் பாக்கிறதை விட்டிட்டு, வந்து செஸ் போர்ட்டுகளைப் பாரும்” என்றார்.

அவர் சொன்னது உண்மை. வெள்ளி பின்னேரம் தொழிற்சாலையில் ‘பை’ சொன்னால் திங்கள் காலைவரை என்னோடு கதைக்க ஒரு சீவன் கிடையாது. கதைக்க ஆள் கிடைக்கும் என்று நினைத்துப் போனேன். போன பிறகுதான் தெரிந்தது, நடுவருக்கு முதல் விதியே கதைக்காமல் இருப்பதுதான் என்று.

2. லரீசா

லரீசா உக்ரைனில் பெண்கள் சாம்பியனாக இருந்தவள். கணவனோடு கனடா வந்தாள். அவன் வேலை தேடி அல்பேர்ட்டா போய் அங்கேயே தங்கிவிட்டான். அவள் பார்க்டேலில் ஒரு அறையில் இருந்துகொண்டு, வார நாட்களில் பேக்கரியில் மா குழைத்தாள், சனி ஞாயிறில் செஸ் விளையாடினாள்.

ஆட்டம் முடிந்ததும் இரண்டு பேரும் இருந்து, எங்கே பிழைத்தது என்று காய்களை நகர்த்திப் பார்ப்பது செஸ்காரரின் வழக்கம். வென்றவருக்கும் தோற்றவருக்கும் அதுதான் பாதிச் சந்தோஷம். லரீசாவோடு அப்படி ஒருவரும் இருந்ததில்லை. தோற்ற ஆண்கள் கையைக் கொடுத்துவிட்டு, முகத்தைப் பார்க்காமல் கோட்டை மாட்டிக்கொண்டு போய்விடுவார்கள். அவள் தனியே இருந்து இரண்டு பக்கத்துக் காய்களையும் தானே நகர்த்துவாள்.

நாங்கள் சந்தித்தது பெண்கள் வாஷ்ரூமில். அந்த மாடியில் அதற்கு உரிமைக்காரர் நாங்கள் இரண்டு பேரும்தான். வெளியே ஒரு ஜன்னல் கட்டு இருந்தது. ரவுண்டுகளுக்கு இடையில் அதில் குந்தியிருந்து, நான் கொண்டுவரும் கட்லட்டைச் சாப்பிடுவோம். தங்கள் நாட்டிலும் இதற்குக் கிட்டத்தட்ட இதே பெயர்தான் என்றாள், உறைப்புக்கு மூக்கை உறிஞ்சிக்கொண்டு. செஸ் பற்றி ஒரு சொல் பேச மாட்டோம். அவளுடைய ஆங்கிலமும் என்னுடைய ஆங்கிலமும் ஒரே தரம் என்பதால், இரண்டையும் எங்கள் பேச்சிலேயே எழுதிவிடுகிறேன்.

“இந்த நாட்டில என்ர பகிடிக்குச் சிரிக்க ஆளில்லை” என்றாள் ஒரு நாள். “அங்க நீனா எண்டு ஒரு சிநேகிதி. அணியில நாங்கள் எப்பவும் ஒரே அறை. நான் வாயைத் திறக்க முதலே சிரிப்பாள்.”

“போனில கதைக்கிறேல்லையே?”

“கதைக்கிறனான். நான் பகிடியைச் சொல்லிப்போட்டுக் காத்திருக்கோணும். சிரிப்பு அவ்வளவு தூரத்தில இருந்து பிந்தித்தான் வருது. அதுக்குள்ள எனக்கு அழுகை வந்திடும்.”

ஊருக்குப் போன் எடுக்கும் எல்லோருக்கும் அந்த இடைவெளி தெரியும்.

3. முறைப்பாடு

அந்த வருடம் கனடாப் பெண்கள் அணி வெளிநாட்டுப் போட்டி ஒன்றுக்குப் போக இருந்தது. உக்ரைன் அணியும் அங்கே வரும், அதில் நீனாவும் வருவாள். லரீசாவுக்கு அணியில் இடம் கிடைத்தால் நீனாவைக் காணலாம். சொந்தச் செலவில் போய்வர அவளுக்கு வேறு வழியில்லை. அணியில் மிஞ்சியிருந்தது ஒரு இடம். அதைத் தீர்மானிக்க, ஆளுக்கு அரைமணி நேர ஆட்டங்களாக ஒரு பெண்கள் போட்டி வைத்தார்கள்.

அதற்கு முதல் கிழமை பரமேஸ் அண்ணை என்னை ஒரு பக்கமாகக் கூப்பிட்டார்.

“அந்த இடத்துக்கு விளையாடுற மொன்றியல் பெட்டையின்ர கோச் முறைப்பாடு குடுத்திருக்கிறார். நடுவரும் விளையாடுற ஆளும் ஒண்டாயிருந்து சாப்பிடினமாம்.”

“அண்ணை, நாங்கள் செஸ்ஸைப் பற்றிக் கதைக்கிறேல்ல.”

“எனக்குத் தெரியும், பிள்ளை. காணுற ஆக்களுக்குத் தெரியாது. இன்னொரு முறைப்பாடு வந்தால் உம்மை இனிக் கூப்பிடேலாது. என்ர கையில இல்லை.”

லரீசாவிடம் விஷயத்தைச் சொன்னேன். அவள் கையிலிருந்த கட்லட்டைப் பார்த்தாள், பிறகு முழுவதையும் சாப்பிட்டு முடித்தாள். “சரி. இனிக் கதைக்காமல் விடுவம்” என்றாள். அடுத்த முறை வாஷ்ரூமில் பக்கத்துப் பக்கத்துக் குழாயில் கை கழுவினோம். தண்ணீர்ச் சத்தம் மட்டும்தான் கேட்டது. ஊரை விட்டு வந்தபோதுகூட நான் அவ்வளவு தனித்துப்போனதாக உணரவில்லை.

4. கடைசி ரவுண்ட்

இளையவர்களுக்கு ஒரு விளக்கம். அப்போது டிஜிட்டல் குளொக் பரவலாக வரவில்லை. ஒரு பெட்டியில் இரண்டு மணிக்கூட்டு முகம், ஒவ்வொன்றிலும் ஒரு சின்னச் சிவப்புக் கொடி. காயை வைத்ததும் தன் பக்கப் பொத்தானை அடித்தால், எதிராளியின் நேரம் ஓடத் தொடங்கும். பெரிய முள் ஏறும்போது கொடியைத் தூக்கும், நேரம் முடிந்ததும் கொடி விழும். அரைமணி ஆட்டத்தில், எதிராளியின் கொடி விழுந்ததை விளையாடுபவர்தான் கண்டு ‘ஃபிளாக்’ என்று சொல்ல வேண்டும், சொன்னால் வெற்றி. நடுவர் கண்டாலும் வாய் திறக்கக் கூடாது. சொல்வதற்குள் இரண்டு கொடியும் விழுந்தால் ஆட்டம் சமன்.

கடைசி ரவுண்டில் லரீசாவும் மொன்றியல் பெண்ணும் மோதினார்கள். மொன்றியல் பெண் அரைப் புள்ளி முன்னால் நின்றாள். அவளுக்குச் சமன் போதும், லரீசா வென்றே ஆக வேண்டும். நடுவர்கள் போதாததால் அந்த மேசை எனக்கே விழுந்தது. நான் மேசைப் பக்கமாக, இரண்டு பேர் முகமும் தெரியும் இடத்தில் நின்றேன். அப்படித்தான் எல்லோரும் நிற்போம்.

லரீசாவிடம் எதிராளியைவிட ஒரு யானை அதிகம் இருந்தது. ஆனால் இருவருக்குமே நேரம் வற்றிக்கொண்டிருந்தது. மொன்றியல் பெண் ஒரு காயை வைத்துக் குளொக்கை அடித்த அந்த நொடி, அவளுடைய கொடி விழுந்தது. அவள் காணவில்லை. நான் கண்டேன். லரீசா கண்ணை உயர்த்திக் குளொக்கைப் பார்த்து ‘ஃபிளாக்’ என்று ஒரு சொல் சொன்னால் போதும், நீனாவிடம் போய்விடலாம்.

அவள் கண்ணை உயர்த்தினாள். குளொக்கைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தாள். உடனே தலையைக் குனிந்துகொண்டாள்.

அதன் பிறகு அவள் ஆடிய விதம் எனக்கு விளங்கவில்லை. காயை வைத்துவிட்டு, முகத்தைத் திருப்பாமல், குளொக்கின் பொத்தானைக் கையால் தடவித் தேடி அடித்தாள். அப்படியே செக், மறுபடி செக். மொன்றியல் பெண்ணின் கொடி விழுந்தபடியே கிடந்தது.

“ஃபிளாக்” என்று மொன்றியல் பெண் கத்தினாள். லரீசாவின் கொடியும் விழுந்திருந்தது. லரீசா அப்போதுதான் குளொக்கைப் பார்த்தாள். இரண்டு கொடிகளையும் விரலால் காட்டி, கையை நீட்டினாள். சமன்.

பரிசளிப்பு முடிந்த பின் வாஷ்ரூமுக்குப் போனேன். அவள் முகம் கழுவிக்கொண்டிருந்தாள். போட்டி முடிந்துவிட்டதால் கதைக்கலாம்.

“அவளின்ர கொடி முதலே விழுந்திட்டுது” என்றேன்.

“தெரியும். உன்ர முகத்தில கண்டனான்.”

“பிறகேன் சொல்லேல்ல?”

“குளொக்கில கண்டிருந்தால் சொல்லியிருப்பன். உன்னைப் பாத்துப்போட்டுச் சொன்னால், நீ சொல்லித் தந்ததெண்டுதானே கதை வரும். கோச் பக்கத்தில நிண்டவர். குளொக்கைப் பாக்காமல் போர்ட்டில வெல்லப் பாத்தன். நேரம் போதேல்ல.”

“நீனாவுக்கு என்ன சொல்லுவாய்?”

“வெல்லேல்ல எண்டு சொல்லுவன்.” துவாய்த்தாளை எடுத்து முகத்தைத் துடைத்தாள். “பிந்தித்தான் கேக்கும்.”

பையில் கட்லட் இருந்தது. ஜன்னல் கட்டில் இருப்போமா என்று கேட்டேன். அவள் தலையை ஆட்டி மறுத்தாள்.

“அடுத்த கிழமையும் நான் விளையாட வருவன். நீயும் நிப்பாய். என்ர விளையாட்டையோ உன்ர வேலையையோ விட எங்களால ஏலுமே?”

ஏலாது. அவளுக்கும் அதைத் தவிர ஒன்றுமில்லை, எனக்கும் இல்லை. அவள் முதலில் வெளியே போனாள். ஒன்றாக வெளிவரக் கூடாது என்று நான் உள்ளே நின்று கையை இன்னொரு முறை கழுவினேன்.

5. எங்கே நிற்பது

நடுவர் வகுப்புகளில் இப்போது நான் முதலில் சொல்வது விதிகளை அல்ல. வாயை மூடு என்று விதிப்புத்தகத்திலேயே இருக்கிறது. முகத்தை என்ன செய்வது என்று அதில் இல்லை. அதனால் நேரம் குறைந்த ஆட்டத்தில், கொடியைக் கண்டு சொல்ல வேண்டியவர் தலை நிமிர்ந்தால் உங்கள் முகம் படாத இடத்தில் நில்லுங்கள். அவருக்கு முதுகுப் பக்கமாக, குளொக் தெரியும் அளவுக்கு எட்டி.

இந்த ஒழுங்கை நான் அடுத்த கிழமையே தொடங்கிவிட்டேன். லரீசா அதற்குப் பிறகும் பல வருடம் ரொறன்ரோவில் விளையாடினாள். அவளுடைய ஆட்டங்கள் எத்தனையோ என் கண்முன்னால் நடந்தன. அவள் எப்போது நரைக்கத் தொடங்கினாள் என்று எனக்குத் தெரியும், பின்னங்கழுத்தில்தான் முதல் நரை வந்தது. முகம் எப்படி மாறியது என்று கேட்டால் என்னால் சொல்ல முடியாது.