உங்க ஊர் ஆளுங்க

இரண்டு வருஷத்துக்கு முன்னால், ஐப்பசி மழை கொட்டிக்கொண்டிருந்த ஒரு சாயங்காலம் இது நடந்தது. இடம், கோத்தகிரி பக்கம் கட்டபெட்டுக்குக் கீழே இருக்கும் எங்கள் காலனி. இலங்கைத் தேயிலைத் தோட்டங்களிலிருந்து திரும்பி வந்தவர்களுக்காக அந்தக் காலத்தில் கட்டிக் கொடுத்த வீடுகள். அங்கே இருந்தவரைக்கும் எங்களை இந்தியாக்காரர்கள் என்றார்கள். இங்கே வந்து நாற்பது வருஷமாகியும் சிலோன்காரங்க என்கிறார்கள். போகட்டும், ரேஷன் கார்டில் பேர் இருக்கிறது, எனக்கு அது போதும்.

நான் அங்கன்வாடியில் வேலை பார்க்கிறேன். வீட்டுக்காரர் டீ ஃபாக்டரிக்கு இலை ஏற்றும் வண்டி ஓட்டுகிறார். ஒரே பையன். அப்போது அவனுக்கு இருபத்தொரு வயது. கோத்தகிரியில் ஒரு ஒர்க்‌ஷாப்பில் டூவீலர் மெக்கானிக். கெட்டிக்காரன், ஆனால் மூக்குக்கு மேல் கோபம் வரும்.

அவனுக்கு என் அண்ணனின் பெயரைத்தான் வைத்திருக்கிறோம். எண்பத்து மூன்றாம் வருஷத்துக் கலவரத்தின்போது அண்ணன் டவுனில் ஒரு தமிழர் கடையில் வேலைக்கு நின்றிருந்தான். பதினேழு வயது. அந்தக் கடையைக் கொளுத்தினார்கள். அண்ணன் திரும்பி வரவில்லை. தோட்டத்தில் நாங்கள் குடியிருந்த லயத்து வீடுகளுக்கும் ஆட்கள் வருகிறார்கள் என்று கேள்விப்பட்டு, அம்மா என்னை இழுத்துக்கொண்டு போய்த் தேயிலைச் செடிகளுக்கு நடுவே படுக்க வைத்தாள். எனக்கு எட்டு வயது. கீழே ரோட்டில் சிங்களத்தில் கத்திக்கொண்டு போனார்கள். அந்தச் சத்தம் இன்னும் என் காதைவிட்டுப் போகவில்லை. அடுத்த வருஷம் கப்பலேறி இந்தப் பக்கம் வந்துவிட்டோம்.

பையன் இதையெல்லாம் எங்கள் அம்மா வாயாலும் என் வாயாலும் கேட்டு வளர்ந்தான். கேட்டதோடு நிற்காமல் ஃபோனில் தேடித் தேடிப் படித்தான். வெள்ளைக்காரன் எங்களைக் கூலிகளாகக் கூட்டிப்போனது, சுதந்திரம் கிடைத்த கையோடு எங்கள் குடியுரிமையும் ஓட்டும் பறிபோனது, மொழிச் சட்டம், கலவரங்கள், அப்புறம் வடக்கே பையன்கள் துப்பாக்கி தூக்கியது என்று வாத்தியார் மாதிரி வரிசையாகச் சொல்வான். எல்லாம் உண்மைதான், இல்லை என்று நான் சொல்லமாட்டேன். ஆனால், "பஸ் ஸ்டாண்டில் குண்டு வெடித்துச் செத்தவங்க என்னடா பாவம் செஞ்சாங்க?" என்று கேட்டால், "அதுக்கு முன்னாடி என்ன நடந்துச்சு தெரியுமா?" என்பான். எதைக் கேட்டாலும் அவனிடம் ஓர் 'அதுக்கு முன்னாடி' தயாராக இருக்கும்.

பிறகு ஏதோ ஒரு ஃபோன் குரூப்பில் சேர்ந்தான். அதில் முகம் தெரியாத ஒருவர் வெளிநாட்டிலிருந்து பேசி அனுப்புவார். நான் பாத்திரம் கழுவிக்கொண்டே அந்தக் குரலைக் கேட்டிருக்கிறேன். அவ்வளவு பாசமான குரல். "தம்பி, உங்க மாமா ரத்தத்துக்கு யார் பதில் சொல்றது?" என்று ஒருநாள் அது கேட்டது. போரெல்லாம் முடிந்துபோன பிறகு இன்னும் என்ன பதில் வேண்டியிருக்கிறது இவர்களுக்கு?

அந்த வாரம்தான் பையன், "திங்கக்கிழமை சென்னைக்குப் போறேன். ஒருத்தரைப் பார்க்கணும்" என்றான். என்ன வேலை என்று கேட்டால் ஃபோனை எடுத்துக்கொண்டு வெளியே போய்விடுவான். ஒர்க்‌ஷாப்பில் வேலையை விட்டு நின்றுகொள்வதாகவும் சொல்லிவிட்டான். அவன் அப்பா கத்திப் பார்த்தார். நான் அழுது பார்த்தேன். பெட்டியில் துணி அடுக்கி வைத்திருந்தான். அண்ணனை அனுப்பிவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டிருந்த எங்கள் அம்மாவின் முகம்தான் எனக்கு ஞாபகம் வந்துகொண்டே இருந்தது.

இப்படி நாளை எண்ணிக்கொண்டிருந்தபோதுதான் மழை பிடித்துக்கொண்டது. வீட்டுக்காரர் குன்னூரில் மாட்டிக்கொண்டார். கரன்ட் இல்லை. இருட்டுகிற நேரத்தில் யாரோ கதவைத் தட்டினார்கள்.

திறந்தால் கவுடர். எங்களுக்கு மேலே சின்னதாகத் தேயிலைத் தோட்டம் வைத்திருக்கும் படகர் இனத்துக்காரர், நல்ல மனுஷர். பின்னால் குடைக்குள் வயதான ஒரு தம்பதி, முழங்கால் வரைக்கும் சேறு.

"ஏனுங்கம்மா, உங்க ஊர் ஆளுங்க ரெண்டு பேரு ரோட்டுல மாட்டிக்கிட்டாங்க. கீழ மேட்டுப்பாளையம் ரோட்டுல மண்ணு சரிஞ்சிருச்சு, இந்தப் பக்கம் மரம் உழுந்து கெடக்குது. எங்க ஊட்டுக்கே கூட்டிட்டுப் போலாம்னுதான் பார்த்தேன். சிலோன்னு சொன்னாங்க. அப்ப உங்ககிட்டன்னா பேச்சும் புரியும், சோறும் ஒத்துக்கும்ங்களே!" என்றார். முகமெல்லாம் பெருமை. தாய்வீட்டுச் சீர் கொண்டுவந்து இறக்கியவர் மாதிரி நின்றார்.

அந்த அம்மாள் கணவரிடம் ஏதோ சொன்னார். சிங்களம்.

 கவுடருக்கு சிலோன் என்றால் ஒரே சிலோன்தான், அவரைச் சொல்லிக் குற்றமில்லை. அவர் டார்ச்சை அடித்துக்கொண்டு மேலே ஏறிப் போய்விட்டார். பின்னால் பையன் வந்து நின்றான்.

"மா, இவங்க யாருன்னு தெரியுதா?"

"தெரியுதுடா. மழையில நிக்கிறாங்க."

வேறு என்ன சொல்வது? "உள்ள வாங்க" என்றேன். எனக்கு அதைச் சொல்ல மனசில்லை, வாய்தான் பழக்கத்தில் சொல்லிவிட்டது. பையன் அவர்களைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் உள் அறைக்குப் போய்க் காதில் ஒயரை மாட்டிக்கொண்டான்.

பெங்களூரில் வேலை பார்க்கும் மகளைப் பார்க்க வந்தவர்களாம். ஊட்டியைச் சுற்றிவிட்டு கோயம்புத்தூருக்கு இறங்கும் வழியில் கார் நின்றுவிட்டது. வந்த பெரியவர் அரையும் குறையுமாகத் தமிழ் பேசினார். மீதி ஆங்கிலம். என் ஆங்கிலம் அங்கன்வாடிப் பிள்ளைகளோடு முடிந்துவிடும். அந்த அம்மாளுக்குச் சிங்களம் மட்டும்தான். சாயத்தண்ணி போட்டுக் கொடுத்தேன். பால் சேர்க்காத டீக்கு எங்கள் வீட்டில் இன்னும் அந்தப் பேர்தான். தேங்காய் ரொட்டிக்கு மாவு பிசைந்தபோது அந்த அம்மாள் எழுந்து வந்து, கேட்காமலே அம்மியில் மிளகாயை வைத்துத் தொட்டுக்கொள்ளச் சம்பல் அரைக்க உட்கார்ந்துவிட்டார். நான் எப்படி அரைப்பேனோ அப்படியே அரைத்தார். எனக்கு அது பிடிக்கவில்லை. என் வீட்டுச் சம்பல் இவர்களுக்கும் சம்பலாக இருக்க வேண்டுமா என்று எரிச்சலாக வந்தது.

பெரியவர் எழுந்து கை கழுவப் போனபோது 'கடக், கடக்' என்று ஒரு சத்தம். திரும்பி வந்து உட்கார்ந்தபோதும் அதே சத்தம்.

என் பையனிடம் ஒரு வியாதி உண்டு. எங்கே எது ஆடினாலும் அவனால் சும்மா இருக்க முடியாது. பக்கத்து வீட்டு மிக்ஸி சத்தம் போட்டால்கூடப் போய்க் கழற்றிப் பார்த்துவிட்டுத்தான் வருவான். காதில் மாட்டியிருந்ததை உருவிக்கொண்டு வெளியே வந்து நின்றான். அவர் சிரித்துக்கொண்டே பேன்ட்டைச் சுருட்டினார். முழங்காலுக்குக் கீழே செயற்கைக் கால். கணுக்கால் பக்கம் போல்ட் தளர்ந்து, உள்ளே சேறும் தண்ணீரும்.

பையன் குனிந்து போல்ட்டைத் தொட்டுப் பார்த்தான். உள்ளே போய் டூல்ஸ் பையை எடுத்துவந்து கையை நீட்டினான். அவர் காலைக் கழற்றிக் கொடுத்தார். அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்து துணியால் துடைத்து, திரும்பத் திரும்ப வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான். குனிந்த தலையோடே, ஆங்கிலத்தில், இது எப்படிப் போனது என்று கேட்டான்.

பஸ் ஸ்டாண்டில் குண்டு வெடித்தது என்றார் அவர்.

 ரொட்டி கருகுகிற வாசனை வந்து நான் ஓடிப்போய்த் திருப்பிப் போட்டேன். பையன் தலையை நிமிர்த்தினான். எனக்குத் தெரியும், அடுத்தது என்ன வரும் என்று. "அதுக்கு முன்னாடி" என்று ஆரம்பித்து, எங்கள் மாமாவை உங்கள் ஆட்கள் எரித்தார்கள் என்று நேருக்கு நேராகச் சொல்லிவிட்டான். கையில் அவருடைய கால்!

வீட்டுக்கு வந்தவரிடம் இப்படியா என்று எனக்கு உடம்பெல்லாம் கூசியது. சொன்னான் என்று ஒரு மூலையில் சந்தோஷமாகவும் இருந்தது. இரண்டும் உண்மை.

அவர் கோபப்படவில்லை. மாமாவுக்கு என்ன வயது என்று கேட்டார். பதினேழு என்றான் பையன். பிறகு அவர் மெதுவாக ஆங்கிலத்தில் பேசினார். எனக்குப் புரிவதற்காகப் பையன் ஒவ்வொன்றாகத் தமிழில் சொன்னான்.

"எனக்கும் அப்ப அதே வயசுதான்ங்கிறார். அவங்க ஊர்லயும் தமிழ்க் கடைங்க எரிஞ்சுதாம். அவங்க அப்பா கதவைச் சாத்திட்டு எல்லாரையும் உள்ள உட்கார வெச்சுட்டாராம். நாங்க யாரையும் அடிக்கலை, ஆனா யாரையும் காப்பாத்தவும் இல்லைங்கிறார்."

அவர் என்னைப் பார்த்துக் கும்பிட்டார். அப்போதுதான் அந்த முகத்தை ஒழுங்காகப் பார்த்தேன். பாதி நரைத்த மீசை, கண்ணாடி. இருந்திருந்தால் என் அண்ணனுக்கும் இப்போது இந்த வயதுதான், இப்படித்தான் மீசை நரைத்திருக்கும். நான் அழுதுவிட்டேன். அந்த அம்மாள் என் கையைப் பிடித்துக்கொண்டார். மிளகாய் அரைத்த கை, எரிந்தது. உதறத் தோன்றவில்லை.

அவர் இன்னும் பேசி முடிக்கவில்லை. குண்டு வெடித்து ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, அவருடைய தம்பி வந்து கட்டிலில் கால் இருக்க வேண்டிய இடத்தைப் பார்த்தானாம். ஒரு வார்த்தை பேசவில்லையாம். நேராகப் போய்ப் பட்டாளத்தில் சேர்ந்துவிட்டான்.

"என் காலுக்காகப் போனான். வடக்குல போய் யாரோட காலை எடுத்தானோ, யாரோட வீட்டை எரிச்சானோ எனக்குத் தெரியாது. அவனும் திரும்பி வரலை" என்று பையன் சொல்லிக்கொண்டே வந்தான். அதுவரைக்கும் 'என்கிறார்' போட்டுச் சொன்னவன், அதை எப்போது விட்டான் என்று எனக்குத் தெரியவில்லை. "போகாதேன்னு சொல்லியிருப்பேன். எனக்குத் தேவைப்பட்டது ஒரு தம்பி. தோள் கொடுத்து என்னைப் பாத்ரூமுக்குக் கூட்டிட்டுப் போக ஒரு ஆள். ஆனா அவன்... அவன் என்னைக் கேட்கவே இல்லை."

 பையன் சட்டென்று குனிந்து, ஆலன் கீயை எடுத்து, ஏற்கெனவே இறுகியிருந்த போல்ட்டை மறுபடி இறுக்கினான்.

இதை எழுதும்போதும் ஒன்றை நினைத்துக்கொள்கிறேன். அந்த மனுஷர் நினைத்திருந்தால், "உங்க ஆளுங்கதான் வெச்சாங்க" என்று ஒரே வார்த்தையில் முடித்திருக்கலாம். அதற்கு அவருக்கு உரிமை இருந்தது. அந்த ஒரு வார்த்தை போதும், என் பையன் அன்று ராத்திரியே சென்னைக்கு நடந்தே போயிருப்பான். அவர் அதைச் சொல்லவில்லை. எங்கள் 'அதுக்கு முன்னாடி' ஒன்றையும் இல்லை என்று மறுக்கவும் இல்லை. எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு, அதற்குப் பின்னால் தன் வீட்டில் நடந்ததை மட்டும் சொன்னார். டி.வி.யில் பெரிய பெரிய ஆட்கள் உட்கார்ந்து தீவிரவாதத்துக்குக் காரணம் சரித்திரமா, அரசியலா, வறுமையா என்று பேசுகிறார்கள். எல்லாம் இருக்கும். ஆனால் அந்தச் சரித்திரத்தை ஒரு பையன் தலையில் தூக்கி வைத்து அனுப்புகிறவன் அவனுடைய அம்மாவைக் கேட்பதில்லை. செத்துப்போன மாமாவைக் கேட்கவும் வழியில்லை.

காலையில் மழை விட்டிருந்தது. ஜே.சி.பி. வந்து மண்ணை ஒதுக்கிவிட்டதாகக் கவுடர் மேலேயிருந்து கத்திச் சொன்னார். படியெல்லாம் வழுக்கியது. பையன் அவருடைய கையைத் தன் தோளில் போட்டுக்கொண்டு ரோடு வரைக்கும் ஏற்றிவிட்டான். 'கடக்' சத்தம் இல்லை. அந்த அம்மாள் காரில் ஏறும்முன் என்னைக் கட்டிக்கொண்டு சிங்களத்தில் ஏதோ சொன்னார். நாற்பது வருஷமாக நான் பேசாத மொழி. எனக்கு ஞாபகம் இருந்த ஒரே வார்த்தை 'ஸ்தூதி', நன்றி என்று அர்த்தம்; சொல்ல வேண்டியவர்கள் அவர்கள், சொன்னது நான். அவர் சிரித்த சிரிப்பை மறக்க முடியாது.

கார் போனதும் பையன் இறங்கி வந்து, வாசற்படியில் உட்கார்ந்து செருப்பிலிருந்த சேற்றைக் குச்சியால் நோண்டினான். ரொம்ப நேரம் நோண்டினான். பிறகு, என் முகத்தைப் பார்க்காமல் கேட்டான்.

"மா, நான் சென்னைக்குப் போகட்டுமா?"

அவ்வளவு நாளும் போகிறேன் என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தான். கேட்டது அதுதான் முதல் தடவை.

"வேண்டாம் சாமி" என்றேன்.  அவன் எழுந்து, டூல்ஸ் பையை எடுத்துக்கொண்டு ஒர்க்‌ஷாப்புக்குக் கிளம்பினான். அந்தப் பாசக் குரல் அதற்கப்புறம் எங்கள் வீட்டில் கேட்கவில்லை.

அவன் ஒன்றும் ஒரே நாளில் சாது ஆகிவிடவில்லை. இன்றைக்கும் நியூஸ் பார்த்துவிட்டுக் கத்துவான், சரித்திரம் பேசுவான். பேசட்டும், அது எங்கள் சரித்திரம்தானே. ஆனால் இருக்கிறான். ராத்திரி சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வருகிறான். என் அம்மாவுக்குக் கிடைக்காத அந்தக் காலடிச் சத்தம் எனக்குத் தினமும் கிடைக்கிறது. எப்போதாவது அவனுக்கு இலங்கையிலிருந்து ஒரு மெசேஜ் வரும், 'இன்னும் சத்தம் இல்லை' என்று. படித்துவிட்டு என்னிடம் காட்டுவான்.

கவுடரை வழியில் பார்த்தால், "உங்க ஊர் ஆளுங்க எப்படி இருக்காங்கம்மா?" என்று விசாரிப்பார். அவர் செய்த தவறை அன்றைக்கே சொல்லித் திருத்த வேண்டும் என்றுதான் இருந்தேன். இப்போதெல்லாம், "நல்லா இருக்காங்க கவுடரே" என்று சொல்லிவிட்டு நடக்கிறேன், அதில் திருத்த ஒன்றும் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.