அவள் படித்த பக்கம் வரை

எந்தக் கதைப் புத்தகத்தையும் கடைசி அத்தியாயத்திலிருந்து தொடங்குவது என் பழக்கம். முடிவு தெரியாமல் முந்நூறு பக்கம் உட்கார்ந்திருக்க எனக்குப் பொறுமை கிடையாது. என் மகளுக்கு இது அறவே பிடிக்காது. "அது ஏமாத்து வேலைமா" என்பாள். அவளுக்குப் பதினோரு வயது. ஒரு வரி விடாமல், ஒரு பக்கம் தாண்டாமல் படிப்பவள்.

அவள் படிப்பதெல்லாம் வெள்ளைக்காரப் பிள்ளைகளின் பழைய கதைகள். சிரம்பான் டவுனில் பழைய புத்தகக் கடை ஒன்றில் அட்டை கிழிந்தவற்றை அள்ளிக்கொண்டு வருவாள். எனக்கு அந்தக் கதைகள்மேல் கடுப்பு உண்டு. அவற்றில் வரும் பெற்றோர் முதல் அத்தியாயத்திலேயே செத்துப்போவார்கள், இல்லாவிட்டால் கப்பலேறிப் போய்விடுவார்கள். வீட்டோடு இருப்பவர்களோ ரொட்டியில் வெண்ணெய் தடவிக் கொடுத்து, சாயங்காலத்துக்குள் வந்துவிடுங்கள் என்று பிள்ளைகளைக் காட்டுக்கும் சதுப்புக்கும் அனுப்பிவிடுவார்கள். ராஜநாகம் இல்லாத ஊர், அனுப்பலாம். ரெம்பாவுக்கும் பெடாசுக்கும் நடுவே செம்பனைத் தோட்டத்தில் குடியிருக்கும் நான் எப்படி அனுப்புவேன்?

போன நவம்பரில் ஒரு சனிக்கிழமை. தோட்ட ஆபீசில் கணக்கெழுதும் கிராணி வேலையை அரை நாளோடு முடித்துவிட்டு இரண்டரை மணிக்கு வீட்டுக்கு வந்தேன். மகளைக் காணோம். அவளுடைய போன் மேசைமேல் சார்ஜில் கிடந்தது. பின்பக்கம் போய்ப் பார்த்தேன். எங்கள் நாயும் இல்லை.

அந்த நாயை அன்று நான்கு மணிக்கு ஒருவர் வந்து கூட்டிக்கொண்டு போவதாக ஏற்பாடு. என் கணவருக்குச் சிரம்பானில் வேலை கிடைத்து, அடுத்த மாதம் நாங்கள் அடுக்குமாடி வீட்டுக்குப் போகவேண்டியிருந்தது. அங்கே நாய் வளர்க்க விடமாட்டார்கள். கோலா சாவாவில் கோழிப்பண்ணை வைத்திருக்கும் ஒருவர் வாங்கிக்கொள்கிறேன் என்றார். மகளிடம் நான், "ரெண்டு வாரம்தான். வீடு மாறுற வரைக்கும் அவரு பாத்துக்குவாரு" என்று சொல்லிவைத்திருந்தேன். அவள் மேலே ஒன்றும் கேட்கவில்லை. நம்பிவிட்டாள் என்று நினைத்து எனக்குப் பெரிய நிம்மதி.

மூன்று மணிக்கு மழை பிடித்துக்கொண்டது. அந்த மாதத்து மழை கொஞ்ச நேரத்தில் விடுகிற மழை இல்லை. அக்கம்பக்கத்தில் விசாரித்தேன், கோயில் பக்கம் ஓடிப் பார்த்தேன், யாரும் பார்க்கவில்லை என்றார்கள். கணவர் வந்ததும் என்மேல்தான் பாய்ந்தார்.

"நாய அனுப்புறதப் பத்தி நீ அவகிட்ட என்னா சொல்லி வச்ச?"

"ரெண்டு வாரம்னு சொன்னேன். வேற என்னா சொல்றது? நீங்க சொல்லிருக்க வேண்டியதுதானே?"

சண்டை போட நேரமில்லை. அவள் கட்டிலில் ஒரு புத்தகம் குப்புறக் கிடந்தது. மூன்று நாளாக அவள் கையைவிட்டு இறங்காத புத்தகம். ஓர் அண்ணனும் தங்கையும், விற்கப்போகும் கிழட்டுக் குதிரையை ஓட்டிக்கொண்டு ஓடிப்போகிற கதை என்று சாப்பிடும்போது சொன்னது ஞாபகம் வந்தது. எங்கே ஓடிப்போனார்கள்? எடுத்தேன், வழக்கம்போல் கடைசி அத்தியாயத்தைப் புரட்டினேன். ஆபீசில் கடிதமும் விண்ணப்பப் பாரமும் படித்துப் பழகிய என் இங்கிலீஷ் கதைக்குத் தடுமாறியது. ஆனாலும் விஷயம் புரிந்துவிட்டது. அந்தப் பிள்ளைகள் கடற்கரையில் தனியாக இருக்கும் மாமா வீட்டுக்குப் போய்ச் சேர்கிறார்கள். குதிரையும் அங்கேயே தங்கிவிடுகிறது.

என் அண்ணன் வீடு போர்ட்டிக்சனில், கடலுக்குப் பக்கத்தில். அவளுக்கு மாமா என்றால் உயிர்.

"போர்ட்டிக்சன் போயிருக்கா, லிங்கி ரோட்டுல போய்ப் பாருங்க" என்று கத்தினேன். கணவர் மழைச்சட்டைகூடப் போடாமல் மோட்டார் சைக்கிளை எடுத்தார். அண்ணனுக்குப் போன் அடித்தேன். அவள் அங்கே வரவில்லை என்றார், அவரும் தம் பக்கத்திலிருந்து காரை எடுத்துக்கொண்டு கிளம்பினார். லோரிகள் பறக்கிற சாலை அது. நாயைப் பிடித்துக்கொண்டு நடக்கும் சின்னப்பெண்ணை மழையில் எந்த டிரைவர் பார்ப்பான்? உட்கார முடியாமல் வாசலுக்கும் கட்டிலுக்கும் நடந்தேன். நாலு மணிக்குப் பண்ணைக்காரரிடமிருந்து போன். மழை விட்டதும் வருகிறேன் என்றார். நான் என்ன பதில் சொன்னேன் என்று எனக்கே தெரியவில்லை.

அப்போதுதான் புத்தகத்துக்குள்ளிருந்து ஒரு மைலோ மாவுப் பொட்டலத்துத் துண்டு எட்டிப்பார்த்ததைக் கவனித்தேன். அவள் அடையாளத்துக்கு வைப்பது. அது இருந்தது அறுபத்திரண்டாம் பக்கத்தில்.

கடல், மாமா வீடு எல்லாம் இருநூறாம் பக்கத்துக்கு மேல். நான் படித்த முடிவு அவளுக்கு இன்னும் தெரியாது. அவளுக்குத் தெரிந்த கதை அறுபத்திரண்டாம் பக்கத்தோடு நிற்கிறது. என் அவசரபுத்தியால் ஒரு மணி நேரத்தை வீணாக்கி, அவள் அப்பாவையும் மாமாவையும் தப்பான சாலையில் அலையவிட்டிருந்தேன்.

முதல் பக்கத்திலிருந்து வேகமாகக் கண்ணை ஓட்டத் தொடங்கினேன். வாழ்க்கையில் முதல் தடவை. மூன்றாம் அத்தியாயத்தில் அந்த அப்பா பிள்ளைகளிடம் சொல்கிறார்: குதிரை குளிர்காலம் முடியும் வரைக்கும்தான் பக்கத்துப் பண்ணையில் இருக்கும், அப்புறம் வந்துவிடும். அடுத்த பக்கத்திலேயே, அது பொய் என்று அந்தத் தங்கைக்குத் தெரிந்துவிடுகிறது. எனக்கு முகம் சுட்டது. "ரெண்டு வாரம்தான்" என்று நான் சொன்னபோது என் மகள் ஏன் ஒன்றும் கேட்கவில்லை என்று அப்போது விளங்கியது.

ஐம்பத்தெட்டாம் பக்கத்தில், அந்தப் பிள்ளைகள் எடுத்துப்போகும் சாமான்களின் கீழே பென்சிலால் கோடு போட்டிருந்தாள். ரொட்டி, கயிறு, மெழுகுவத்தி, கம்பளி. அடுப்படிக்கு ஓடினேன். ரொட்டிப் பாக்கெட் இல்லை. துணி காயப்போடும் கயிறு அறுக்கப்பட்டிருந்தது. சாமி மேடையில் இருந்த மெழுகுவத்தியும் இல்லை. திரும்பி வந்து படித்தேன். அறுபத்திரண்டாம் பக்கத்தில் குதிரையோடு ஒளிகிறார்கள். பள்ளத்தில், ஓடைக்கு அந்தப் பக்கம், யாரும் போகாத, கூரை இல்லாத ஒரு கல் கட்டடம்.

எங்கள் தோட்டத்தில் அப்படி ஓரிடம்தான் உண்டு. ரப்பர் மரங்கள் இருந்த காலத்தில் பால் எடைபோட்ட கொட்டகை. கூரை எப்போதோ போய்விட்டது, இரண்டு சுவரும் சிமெண்டுத் தொட்டியும் மிச்சம். ஆற்றோரப் பள்ளத்தில் இருக்கிறது. பெரிய மழை பெய்தால் முதலில் முழுகுகிற இடமும் அதுதான்.

கணவருக்குப் போன் அடித்தேன், எடுக்கவில்லை. எதிர்வீட்டில் இருக்கும் கங்காணி, மண்டோர் அண்ணனின் கதவைத் தட்டினேன். செம்பனைப் பழம் ஏற்றும் டிராக்டர் அவர் வாசலில் நின்றது. நான் சொல்லி முடிப்பதற்குள் சாவியை எடுத்துவிட்டார்.

"அங்குட்டு தண்ணி ஏறிருக்கும் தங்கச்சி. நல்லாப் புடிச்சிக்க."

பள்ளத்துக்கு மேலே மண்சாலையில் டிராக்டர் நின்றது. கீழே ஆறு எது, கரை எது என்று தெரியவில்லை. செந்தண்ணீரில் செம்பனை மட்டைகள் சுற்றிச் சுற்றிப் போயின. முப்பது அடி தள்ளி, தொட்டியின் விளிம்பில் என் மகள் குந்தியிருந்தாள். நாயைக் கட்டிய கயிற்றின் மறுமுனையைத் தன் இடுப்பில் கட்டியிருந்தாள். நாய் மருண்டு குதித்தால் அவளையும் இழுத்துக்கொண்டு போகும்.

"வாம்மா! எறங்கி வா!"

"நாய அனுப்ப மாட்டேன்னு சொல்லுங்க!"

மண்டோர் அண்ணன் டிராக்டர் பின்னாலிருந்து கயிறு எடுத்துக்கொண்டிருந்தார். "நில்லு தங்கச்சி, நில்லு லா!" என்றார். நான் நிற்கவில்லை. எனக்கு நீந்தத் தெரியாது. இடுப்புவரை தண்ணீர், காலுக்குக் கீழே மண் இளகி ஓடியது. பாதியில் ஒரு மட்டை வந்து மோதி, தடுமாறி, தண்ணீர் குடித்து எழுந்தேன்.

"அனுப்ப மாட்டேன்! என் தலைமேல சத்தியம்! நாய் நம்மகூடத்தான் இருக்கும்!"

அரைமணி முன்னால்தான் அந்தப் புத்தகத்தில் என் பொய்யைப் படித்து வெட்கப்பட்டிருந்தேன். அந்த வெட்கம் என்னை இன்னும் பெரிய பொய் சொல்வதிலிருந்து தடுக்கவில்லை. அவள் என்னையே பார்த்தாள். பிறகு இடுப்புக் கயிற்றை அவிழ்த்துக் கையில் பிடித்தாள், சறுக்கித் தண்ணீரில் இறங்கினாள், நேராக என் பக்கம் வந்தாள். நாய் தானாக நீந்திக் கரையேறியது. மண்டோர் அண்ணன் வீசிய கயிற்றைப் பிடித்து நாங்கள் இருவரும் மேலே வந்தோம்.

டிராக்டர் வண்டியில், நனைந்த சாக்கின்மேல் அவளைக் கட்டிப்பிடித்துக்கொண்டு உட்கார்ந்தேன். அடிக்கவேண்டும் போலவும் இருந்தது, முத்தம் கொடுக்கவேண்டும் போலவும் இருந்தது. இரண்டும் செய்யாமல் அவள் தலைமுடியைப் பிழிந்துவிட்டேன். கணவரிடமிருந்து போன் வந்தது. "கெடச்சிட்டா" என்று மட்டும் சொன்னேன். மறுமுனையில் அவர் அழுவது கேட்டது.

எங்கள் லயத்து வீடுகளுக்கு அருகே வந்தபோது அவள் மெதுவாகச் சொன்னாள்.

"நீங்க பொய் சொல்றீங்கன்னு தெரியும்மா."

நான் அவள் முகத்தைப் பார்த்தேன்.

"நாயை அனுப்பத்தான் போறீங்க. நீங்க சத்தியம் பண்ணதுக்காக நான் எறங்கல. உங்களுக்கு நீந்தத் தெரியாது, அதான் எறங்கினேன்."

நாய் எங்கள் கால்களுக்கு நடுவே படுத்து நடுங்கிக்கொண்டிருந்தது.

"ஆமா. அனுப்பத்தான் போறோம். அது திரும்பி வராது. ரெண்டு வாரம்னு சொன்னதும் பொய், இப்ப பண்ண சத்தியமும் பொய்."

"தெரியும்" என்றாள். அன்று அதுவரை அழாத பெண், என் மடியில் முகத்தை வைத்துக்கொண்டு வாய்விட்டு அழத் தொடங்கினாள்.