கடைசி நிரையில் நான்

காட்டு விலங்குகளைப் படம் பிடிக்கும் பைத்தியம் தலைக்கேறியிருந்த நேரத்தில், கொழும்பு நண்பர் ஒருவர் தன் வீடியோ கேமராவை ஒரு வாரத்துக்கு இரவல் தந்தார். எனக்கு வேண்டியது ஒரே ஒரு சிறுத்தை. தெமோதரைக்கு மேலே, எங்கள் தேயிலைத் தோட்டத்து உச்சி மலையில், காலை வேளையில் அது பாறைமீது வெயில் காயும் என்று எங்கள் லயத்து வீடுகளில் எல்லோருக்கும் தெரியும்.

பதுளைக் கடைவீதியில் இலைப் படம் போட்ட பச்சைச் சட்டை வாங்கி மாட்டிக்கொண்டு, ஐந்து நாள் புதருக்குள் கிடந்தேன். அட்டைகளைத் தவிர யாரும் என்னைச் சீந்தவில்லை. சிறுத்தை தூரத்தில் தலைகாட்டும், என்னைக் கண்டதும் மறைந்துவிடும். எனக்கு அழுகையே வந்தது.

அந்த மலையில் கொழுந்து பறிக்கும் என் அக்கா விழுந்து விழுந்து சிரித்தார்.

“இப்புடி எல ஒட்டுன ஆள அது எங்கடா பாத்திருக்கு? எங்கள தெனமும் பாக்குது. ஒரு நாளும் ஓடுனதில்ல.”

மறுநாள் கேமராவைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். வெட்கத்தை மூட்டை கட்டி வைத்துவிட்டு, கொழுந்து பறிக்கும்போது கட்டும் அக்காவின் படங்குச் சாக்கை இடுப்பில் சுற்றி, முதுகில் கூடை தொங்கவிட்டு, பெண்களோடு கடைசி நிரையில் போய் நின்றேன். அக்கா எனக்கு அடுத்த நிரையில், பாறைப் பக்கமாக நின்றார். மீசையைத் துண்டால் மறைத்தது அக்காவின் யோசனை. கேமராவைத் தேயிலைச் செடிமேல் வைத்துக்கொண்டேன்.

சிறுத்தை வந்தது. எங்களை ஒரு பார்வை பார்த்துவிட்டுப் பாறையில் படுத்தது. கேமராவை ஓடவிட்டேன்.

அந்த நேரம் பார்த்துப் பின்னாலிருந்து கங்காணி கத்தினார். “ஏய், கடைசி நெர! கொழுந்து பறிக்க வந்தியா, வேடிக்க பாக்க வந்தியா?”

எனக்கு உயிரே போய்விட்டது. வாயைத் திறந்தால் குட்டு உடையும், அவர் ஓடி வருவார், சிறுத்தை போய்விடும். கேமராவை அப்படியே விட்டுவிட்டு, முற்றிலையும் காம்புமாகப் பிய்த்துக் கூடையில் போடத் தொடங்கினேன். சிறுத்தை கொட்டாவி விட்டது.

கொழும்பில் படத்தைப் போட்டுப் பார்த்த நண்பர் என் தோளைத் தட்டினார். “இவ்வளவு கிட்ட நின்றீங்களா? உங்களுக்குச் சரியான தைரியம்!”

எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது, ஒரு நிமிடம். பிறகுதான் படத்தின் ஓரத்தைக் கவனித்தேன். சிறுத்தைக்கும் எனக்கும் நடுவில் அக்காவின் கைகள் தெரிந்தன. அவை ஒருமுறைகூட நிற்காமல் கொழுந்து பறித்துக்கொண்டிருந்தன.