அண்ணன் அழுத வீடியோ

அண்ணன் கல்ஃபிலிருந்து வந்தால் எங்கள் வீட்டில் முதல் வேலை வாசற்கதவை அடைப்பதுதான். அதற்குப் பிறகே பெட்டியைப் பிரிப்பார். யாருக்கு என்ன வந்தது என்று பக்கத்து ஊரான கருங்கல் சந்தைவரை பேச்சாகிவிடும் என்று அப்படி ஒரு பயம். எனக்குத் தரும் தைலக் குப்பியைக்கூட முந்தானையில் மறைத்துக்கொண்டு போகச் சொல்வார்.

அந்த மனிதரைத்தான் மைனி கேமரா முன்னால் உட்காரவைத்தாள். அண்ணனின் மனைவியான அவள் யூடியூபில் சேனல் நடத்துகிறாள். மரச்சீனிக் கிழங்கு அவிப்பது, மீன்குழம்பு வைப்பது என்றுதான் தொடங்கினாள். பிறகு வீட்டுச் சண்டை, மகளின் காய்ச்சல் எல்லாம் வந்தன. சமையலைவிட அழுகைக்குத்தான் கூட்டம் என்று அவளே சொல்வாள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

போன வருடம் அண்ணனுக்கு வேலை போயிற்று. லீவில் வந்திருக்கிறார் என்று ஊரில் சொல்லி வைத்திருந்தோம், அம்மாவுக்கும் தெரியாது. அதை வீடியோவில் சொல்லவைக்கப் போவதாக மைனி என்னிடம் வந்து சொன்னாள்.

"இதெல்லாம் மெட்ராஸ்காரங்களும் வெளிநாட்டுக்காரங்களும் பாக்கியது மக்கா. நம்ம ஊர்ல எவன் பாக்கப் போறான்?"

அண்ணனும் அதை நம்பினார், என்ன செய்ய! எங்கள் ஊரில் மறைப்பது என்றால் பக்கத்து வீட்டுக்குத் தெரியாமல் பார்த்துக்கொள்வதுதான். அதற்கு அப்பால் உலகமே பார்த்தாலும் பார்த்ததாகக் கணக்கில்லை. நாற்காலியில் உட்கார்ந்து குலுங்கிக் குலுங்கி அழுதார்.

மறுநாள் மீன்காரி அம்மாவிடம், மகனுக்கு வேலை போய்விட்டதாமே என்று ஆறுதல் சொல்லியிருக்கிறாள். அம்மா மீன் வாங்காமல் திரும்பிவந்தார். அண்ணன் பல நாள் வெளியே தலைகாட்டவில்லை. வீடியோவை அழிக்கச் சொல்லி மைனியிடம் கத்தினேன். மகளுக்குப் பள்ளிக்கூடத்தில் பணம் கட்டியது அதில் வந்த காசில்தான் என்றாள். அன்றிலிருந்து அந்த வீட்டுக்குப் போனாலே எனக்கு இருப்புக்கொள்ளாது. ஃபோன் எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது என்றே கண் தேடும்.

போன ஞாயிற்றுக்கிழமை போனபோது அண்ணன் சவரம் செய்து, நல்ல சட்டை போட்டு, தானே ஜன்னலைத் திறந்து வெளிச்சம் சரிபார்த்துக்கொண்டிருந்தார். வீடியோ பார்க்கும் கூட்டம் குறைந்துவிட்டதாம், சொல்வதற்கும் ஒன்றும் மிச்சமில்லையாம். என்னைக் கண்டதும் முகம் மலர்ந்தது.

"ஏட்டி, அப்பா செத்த அன்னைக்கு நாம ரெண்டுபேரும் கட்டிலுக்கடியில ஒளிச்சிருந்து அழுதோம்லா? அது யாருக்கும் தெரியாதுல்லா? வா மக்கா, இப்படி வந்து இரி."

மைனி இன்னொரு நாற்காலியைக் கொண்டுவந்து அவர் பக்கத்தில் போட்டாள்.