படகுக்கு வைத்த பெயர்

எங்கள் குப்பத்தில் பெண் குழந்தை பிறந்தால் அதன் பெயரைப் படகுக்கு வைப்பார்கள். கரையில் வரிசையாக நிற்கும் பைபர் படகுகளைப் படித்துக்கொண்டே போனால் டீச்சர் வகுப்பில் பெயர் கூப்பிடுகிற மாதிரி இருக்கும்: பிரியா, சந்தியா, திவ்யஸ்ரீ. எங்கள் வீட்டில் மட்டும் கதை தலைகீழ். படகு முதலில் வந்தது, நான் பிறகு வந்தேன். படகில் ஏற்கெனவே ரவீனா என்று எழுதியிருந்ததால் எனக்கும் ரவீனா என்றே வைத்துவிட்டார்கள்.

காசிமேட்டுக்காரர் ஒருவரிடமிருந்து நைனா வாங்கிய பழைய படகு அது. அப்பாவை நான் நைனா என்றுதான் கூப்பிடுவேன். விற்றவர் ஒரே ஒரு நிபந்தனை போட்டாராம். பெயரை மாற்றக்கூடாது, வருஷா வருஷம் படகுக்குப் பெயின்ட் அடிக்கும்போது அவரே வந்து பெயரை எழுதிவிட்டுப் போவார். நைனாவுக்கும் அது தோதாகத்தான் இருந்தது. கடலுக்குப் பழகின பெயரை மாற்றினால் கடல் முகம் கொடுக்காது என்பது அவர் நம்பிக்கை. படகு வந்த வருஷம் வலையில் நல்ல பாடு, மீன் குவிந்தது. அதே வருஷம் நானும் பிறந்தேன். ராசியான பெயரை ஏன் விடவேண்டும் என்று அம்மாவும் ஒத்துக்கொண்டாள்.

அந்தக் காசிமேட்டுக்காரரை நான் பெயின்ட் மாமா என்பேன். மீன்பிடித் தடைக்காலம் முடியப்போகிற சமயத்தில் மஞ்சள் பையில் பிரஷ்களைச் சுற்றி எடுத்துக்கொண்டு ரயிலில் வந்து இறங்குவார். எனக்குப் பொரி உருண்டை வாங்கி வருவார். சிவப்பில் எழுதி வெள்ளையில் விளிம்பு கட்டுவார். படகின் இரண்டு பக்கமும் எழுத அரை நாள் எடுத்துக்கொள்வார். அவ்வளவு நேரமும் பக்கத்திலேயே உட்கார்ந்து தொணதொணக்கும் என்னைப் பாப்பா என்று மட்டும்தான் கூப்பிடுவார். ஊரே என்னை ரவீனா என்று கூப்பிட்டது. எழுதுகிறவர் வாயில் மட்டும் அந்தப் பெயர் வந்ததே இல்லை.

காரணத்தை அம்மா எனக்குச் சொன்னது நான் பெரியவளான பிறகு. ரவீனா என்பது அவருடைய ஒரே மகளின் பெயர். அந்த அக்கா தொழிற்சாலையில் வேலை பார்த்த வேற்றுச் சாதிப் பையன் ஒருவனை வீட்டுக்குத் தெரியாமல் கல்யாணம் பண்ணிக்கொண்டு பொன்னேரிக்குக் குடிபோய்விட்டாள். இவர் கோபத்தில் அம்மன் கோயிலுக்குப் போய்ச் சூடத்தை அணைத்துச் சத்தியம் பண்ணிவிட்டார், இனிமேல் அந்தப் பெயரை என் வாயால் சொல்லமாட்டேன் என்று. காலையில் எழுந்து கரைக்குப் போனால் கண்ணில் படுவது அந்தப் பெயர்தான் என்பதால் படகையும் விற்றார். விற்றுவிட்டு, அதை எழுதுவதற்கு வருஷா வருஷம் வந்துகொண்டிருந்தார். கையால் எழுதுவதைப் பற்றி அவர் அம்மனிடம் ஒன்றும் சொல்லியிருக்கவில்லை.

இது எதுவும் தெரியாத ஐந்தாம் வகுப்பில் எனக்கு வேறு ஒரு கஷ்டம். பள்ளிக்கூடம் திறந்த புதிது. அவரவர் பெயருக்கு அர்த்தம் கேட்டுக்கொண்டு வரவேண்டும் என்று டீச்சர் சொல்லியிருந்தார். நான் படகுக்குத் தங்கச்சி என்பது வகுப்புக்கே தெரியும். ‘போட்டு, போட்டு’ என்று கூப்பிட்டு என் உயிரை வாங்கிக்கொண்டிருந்தார்கள். ஒரு நல்ல அர்த்தம் மட்டும் கிடைத்துவிட்டால் எல்லார் வாயையும் அடைத்துவிடலாம். அம்மாவைக் கேட்டேன், தெரியவில்லை. நைனாவைக் கேட்டேன். “எழுதறவராண்ட கேளு, அவுரு வெச்ச பேருதான?” என்றார்.

அது ஞாயிற்றுக்கிழமை. மாமா ஒரு பக்கம் எழுதி முடித்து விளிம்பு கட்டிக்கொண்டிருந்தார்.

“மாமா, இதுக்கு இன்னா அர்த்தம்?”

“எதுக்கு பாப்பா?”

“நீங்க எழுதிகினு கீறீங்களே, அதுக்கு.”

அவர் பிரஷைத் துடைத்தார். டப்பாவைக் கலக்கினார். நான் பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்கிற ஜாதி.

“சரி, இன்னா எழுதிகீறீங்க, அதையாவது படிச்சுக் காட்டுங்க.”

அவர் தலையைக் குனிந்துகொண்டார். அப்போதுதான் எனக்கு எல்லாம் விளங்கிற்று. பாவம், மாமாவுக்குப் படிக்கத் தெரியாது! கோலம் போடுகிற மாதிரி வடிவத்தைப் பார்த்து எழுதுகிறார், அவ்வளவுதான். என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடாததற்கும் இதுதான் காரணம் என்று முடிவு கட்டினேன். இத்தனை வருஷம் பொரி உருண்டை தின்றிருக்கிறேன், ஒரு எழுத்து சொல்லித்தரத் தோன்றவில்லையே.

“இதுல இன்னா மாமா வெக்கம்? எங்க நைனாவுக்கே பஸ்சு நம்பர்தான் படிக்கத் தெரியும். நான் சொல்லித் தர்றேன்.”

அவர் சிரிப்பார் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. ஒரு கிளிஞ்சலை எடுத்து ஈர மணலில் பெரிதாக எழுதினேன்.

“இது ர. சொல்லுங்க.”

அவர் தூரத்தில் வலை பிரித்துக்கொண்டிருந்த நைனாவைப் பார்த்தார். பிறகு மணலைப் பார்த்தார். ஒற்றை எழுத்தைச் சொன்னால் சத்தியம் கெட்டுப்போகாது என்று நினைத்தாரோ என்னவோ, மெல்லச் சொன்னார்.

“ர.”

“இது வீ.”

“வீ.”

“இது னா. மூணு சுழி கிடையாது மாமா, ரெண்டு சுழி.”

“னா.”

“இப்ப மூணையும் சேத்து ஒரே மூச்சுல.”

நேரம் எடுத்துக்கொண்டார். முதல் வகுப்புப் பிள்ளைகளுக்கும் எழுத்துகளைச் சேர்த்துப் படிப்பதுதான் கஷ்டம், அதனால் நான் பொறுமையாக இருந்தேன். அவர் உதடு இரண்டு தரம் அசைந்து நின்றது. பிறகு சொன்னார். எழுத்துக் கூட்டிப் படிக்கிறவர்கள் சொல்வதுபோல இல்லை. சாப்பாட்டைப் போட்டுவைத்துவிட்டுத் தெருவில் விளையாடுகிற பிள்ளையைக் கூப்பிடுவார்களே, அப்படி.

“ரவீனா…”

என்னைத்தானே கூப்பிடுகிறார்? “இன்னா மாமா?” என்றேன்.

அவர் அப்படியே மணலில் உட்கார்ந்து துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். தோள் குலுங்கியது. வயசான காலத்தில் படிக்க வந்துவிட்ட சந்தோஷம் என்று நான் எடுத்துக்கொண்டேன். எனக்குப் பெருமை தாங்கவில்லை. நைனா வலையைப் போட்டுவிட்டு ஓடிவந்தார். வந்தவர் அவர் முதுகில் கை வைத்துக்கொண்டு பக்கத்தில் நின்றார்.

கொஞ்சம் தணிந்ததும் நான் விடவில்லை. “அர்த்தம் மாமா?”

“ரவின்னா நான். மீனான்னா என் வூட்டுக்காரி. ரெண்டு பேரும் ராத்திரில்லாம் குந்திகினு சேத்து வெச்ச பேரு. வேற இன்னா அர்த்தம்? அவ்ளோதான் கண்ணு.”

எனக்குச் சப்பென்று போய்விட்டது. தேவதை, நிலா, நட்சத்திரம் என்று ஏதாவது வரும் என்று பார்த்தால், என் பெயரில் என் நைனாவும் இல்லை, அம்மாவும் இல்லை. யாரோ ஒரு ரவியும் மீனாவும் குடியிருக்கிறார்கள். மறுநாள் இதைச் சொல்லி வகுப்பே சிரித்தது தனிக்கதை.

மறு பக்கத்தை மாமா எழுதினார். ‘வீ’யின் சுழி கோணிக்கொண்டு போயிற்று. சரிபண்ணட்டுமா என்று அவர் கேட்டதற்கு, “இருக்கட்டும்ணா, நல்லாத்தான் கீது” என்றார் நைனா. அந்த வருஷம் முழுக்க எங்கள் படகு ஒரு பக்கம் நேராகவும் ஒரு பக்கம் கோணலாகவும் கடலுக்குப் போயிற்று.

சாயங்காலம் அவரை எண்ணூர் ஸ்டேஷனில் விட நைனா சைக்கிள் தள்ளிக்கொண்டு நடந்தார். நான் முன்கம்பியில். காசிமேட்டுப் பக்கம் போகிற வண்டி வந்து நின்றது. மாமா ஏறவில்லை. அது போனதும் படியேறி எதிர்ப் பிளாட்பாரத்துக்குப் போனார். கும்மிடிப்பூண்டி வண்டி வந்தது. அதில் ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்தார். மஞ்சள் பையை மடியில் வைத்துக்கொண்டார்.

நான் அலறினேன். “நைனா! மாமா வண்டி மாறி ஏறிட்டாரு! அது பொன்னேரி வண்டி! கூப்புடு நைனா!”

நைனா என் தோளைப் பிடித்துக்கொண்டார். “வுடும்மா. அவருக்குத் தெரியும்.”

எப்படித் தெரியும்? ஸ்டேஷனில் அத்தனை பலகைகள். அவருக்கு நான் சொல்லிக்கொடுத்ததோ மூன்றே எழுத்து. வண்டி நகர்ந்து போயே போய்விட்டது. வழியெல்லாம் அழுதுகொண்டே வந்தேன், அந்த மூன்று எழுத்தை மட்டும் வைத்துக்கொண்டு மாமா எப்படி வீடு கண்டுபிடித்துப் போவார் என்று.