திக்குவாய் டீச்சர்

கிருபாராணிக்குத் திக்குவாய் கிடையாது. வாயைத் திறந்தால் அஞ்செட்டி பஸ் மலையிறங்குகிற வேகத்தில் பேசுகிறவள் அவள். ஆனாலும் 1968ஆம் வருஷம், நாட்றாம்பாளையத்துக்கு மேலே காட்டை ஒட்டியிருந்த ஒரு சின்ன ஊரில், அவளுக்கு வைத்த பெயர் திக்குவாய் டீச்சர். வைத்தது ஊர்ச்சனம். அப்படி வைக்க எடுத்துக்கொடுத்த புண்ணியவான் ஹெட்மாஸ்டர் கங்கப்பன்.

அந்த ஆளைப் பற்றி முதலிலேயே சொல்லித் தொலைத்துவிடலாம். கங்கப்பன் மூக்குப்பொடி போடுவார். போட்டுக்கொள்ளட்டும், ஊரில் பாதிப் பேர் போடுகிறார்கள். ஆனால் பொடி எடுத்த விரலை வேட்டியில்கூடத் துடைக்காமல் அப்படியே பிள்ளைகளின் காதைத் திருகுவார். திருகின காதில் பழுப்பாக ஈஷிக்கொண்டிருக்கும். மதியம் அமெரிக்கப் பால்பவுடர் கரைக்கிற அண்டாவை எட்டிப் பார்த்து, அதற்குள்ளேயே தும்முவார். கிருபாராணி வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே இந்தக் கண்றாவியைப் பார்த்தாள். அதற்குப் பிறகு அந்தப் பள்ளிக்கூடத்தில் ஒரு வாய் பால் அவள் தொண்டையில் இறங்கவில்லை.

பாலாவது பரவாயில்லை. பாடம் நடத்துகிற லட்சணம் இருக்கிறதே, அதுதான் குமட்டல். நாற்காலியில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டு அவர் ஒரு வரி பாடுவார். அறுபது பிள்ளைகளும் பின்னாலேயே கத்தும். மடியில் புத்தகம் திறந்திருக்கும். சில புத்தகங்கள் தலைகீழாக இருக்கும், அதைப் பற்றி யாருக்கும் கவலையில்லை. மூன்றாம் வகுப்புப் பையன் ஒருவனிடம் கிருபாராணி நடுப்பக்கத்தில் ஒரு வார்த்தையைத் தொட்டுக் காட்டி, "இது என்னா?" என்று கேட்டாள். அவன் பாடத்தை முதல் வரியிலிருந்து ஒரே மூச்சில் பாடிக்கொண்டே வந்து, அந்த வார்த்தை வருகிற இடம் இதுவாக இருக்கும் என்று குத்துமதிப்பாக நின்றான். அதுவும் ஒரு வரி தள்ளி நின்றான். பதினைந்து வருஷமாக இன்ஸ்பெக்டர்கள் வந்து, இந்தப் பாட்டைக் கேட்டு, "பேஷ்" என்று எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள். சீ, இதற்குப் பேர் படிப்பா!

அவளுக்கு இது புதிதில்லை, அதனால்தான் அத்தனை வெறுப்பு. கிருபாராணி மத்தூர்க்காரி. அப்பா ராயப்பன் கோலார் தங்கச் சுரங்கத்தில் கூலி வேலை. மாதத்துக்கு ஒரு கடிதம் போடுவார். மூன்றாம் வகுப்பில் அவள்தான் முதல். புத்தகம் முழுவதையும் அட்டையிலிருந்து அட்டைவரை ஒப்பிப்பாள். ஒருநாள் அம்மா கடிதத்தைக் கொடுத்து, "அப்பா என்னா எழுதியிருக்காரு, படி பாப்பா" என்றாள். ஒரு வரி வரவில்லை. புத்தகத்தில் இருந்த அதே எழுத்துகள்தான். வேறு வரிசையில் உட்கார்ந்திருந்தன, அவ்வளவுதான். அம்மா கடிதத்தை வாங்கிக்கொண்டு பக்கத்துத் தையல்கடை அக்பர் பாஷாவிடம் போனாள். புருஷன் தனக்கு எழுதினதை இன்னொரு ஆண்பிள்ளை தெருவில் உரக்கப் படிக்க, முந்தானையைப் பிடித்துக்கொண்டு தலை குனிந்து கேட்டாள். ஒன்பது வயதுப் பெண்ணுக்கு அதைப் பார்த்ததும் தன் மேலேயே அருவருப்பு வந்துவிட்டது.

அந்தக் கடிதத்தை வைத்துக்கொண்டே அவள் வாசிக்கக் கற்றாள். யாரும் சொல்லித்தரவில்லை. 'நாய்' என்று சொல்லும்போது வாய் இரண்டு வேலை செய்கிறது என்பதைத் தானாகக் கண்டுபிடித்தாள். முதலில் நாக்கு பல்லில் ஒட்டி 'ந்' என்கிறது. பிறகு விட்டுவிட்டு 'ஆய்' என்று போகிறது. அந்த 'ஆய்' அப்படியே இருக்கட்டும், முன்னால் வருவதை மட்டும் மாற்று: காய், வாய், பாய், தாய். ஒரே சத்தம் என்று நினைத்துக்கொண்டிருந்ததற்குள் தலை தனி, வால் தனி. தலையையும் வாலையும் காது பிரித்துக் கேட்டுவிட்டால், இதுவரை பார்க்காத வார்த்தையைக்கூடக் கூட்டிப் படித்துவிடலாம். பின்னாளில் கிருஷ்ணகிரியில் டீச்சர் டிரெயினிங் படித்தபோது பெரிய பெரிய விஷயமெல்லாம் சொன்னார்கள். இதை மட்டும் யாரும் சொல்லவில்லை.

இந்த ஊரில் அவளுக்குக் கொடுத்தது முதல் வகுப்பு. பாட்டை நிறுத்தினாள். பிள்ளைகளில் சிலர் வீட்டில் கன்னடம், சிலர் தெலுங்கு, மீதிப் பேர் தமிழும் கன்னடமும் கலந்து பேசுகிறவர்கள். அதையே பிடித்துக்கொண்டாள். "பால்" என்றாள். ஒரு பிள்ளை "பாலு" என்றது, இன்னொன்று "ஹாலு" என்றது. "பாலுக்கு வால் ஒண்ணுதான், தலையை மட்டும் மாத்தறாங்க பாருங்கடி" என்றாள். பிள்ளைகளுக்குக் குஷி தாங்கவில்லை. ஆடு மேய்க்கும்போதுகூட வார்த்தைகளின் தலையை வெட்டி வேறு தலை ஒட்டிக்கொண்டு திரிந்தன.

அதில் கெட்டிக்காரி மாதம்மா, ஏழு வயசு. நாலு மாதத்தில் புத்தகத்தின் எந்தப் பக்கத்தைத் திறந்தாலும் நிதானமாகக் கூட்டிப் படித்தாள். பள்ளியில் படித்தது போதாதென்று வீட்டில் உரமூட்டை, சோப்புக் காகிதம், காலண்டர் எதையும் விடவில்லை. "ம்… மா… மாத…" என்று மெல்ல இழுத்து, பிறகு டக்கென்று சேர்ப்பாள். கேழ்வரகு திரித்துக்கொண்டிருந்த அவள் அம்மா ஜோதியம்மாள் இதைக் கேட்டுத் திரிகையை நிறுத்திவிட்டாள்.

மறுநாள் காலையில் ஜோதியம்மாள் பள்ளிக்கூடத்து வாசலில் நின்றாள். "நல்லாப் பேசிட்டிருந்த புள்ளைங்க டீச்சரம்மா. இப்போ ப்ப்ப், ம்ம்ம்னு திக்குது. என்னா பண்ணி வெச்சீங்க எம் புள்ளைய?"

"திக்கல ஜோதியக்கா. படிக்கிறா. அவ ஒருத்திதான் இந்தப் பள்ளிக்கூடத்துலயே நெஜமாப் படிக்கிறா."

"எனக்குத் தெரியாதா திக்குறது எதுன்னு? எம் மாமியாரு ஊட்ல எம் புருஷனோட தம்பி ஒருத்தன் இருந்தான். நாப்பது வயசு வரைக்கும் ஒருத்தி பொண்ணு குடுக்கல. கூப்பிட்டுக் கூப்பிட்டுச் சிரிப்பாங்க. ஒருநாள் கெணத்துல குதிச்சுட்டான்." ஜோதியம்மாள் கையெடுத்துக் கும்பிட்டாள். "எம் பொண்ணுக்கு அந்தக் கதி வேணாங்க."

கிருபாராணிக்கு அவள்மேல் கோபம் வரவில்லை. பயந்த அம்மா, அவ்வளவுதானே. கோபம் வந்தது அடுத்த அறையிலிருந்து பொடி டப்பாவைத் தட்டிக்கொண்டே வந்த ஆள்மேல். கங்கப்பனுக்கு அது திக்கல் இல்லை என்று நன்றாகவே தெரியும். மனுஷன் எழுத்துக்கூட்டிப் படித்துத்தானே வாத்தியார் ஆனார்! ஆனால் மாதம்மா படிக்கிறாள் என்று ஊருக்குத் தெரிந்தால், என் பிள்ளை ஏன் படிக்கவில்லை என்று மற்ற ஐம்பத்தொன்பது வீடும் கேட்குமே. அவர் உதட்டைப் பிதுக்கினார். "நான் என்னத்த சொல்றது ஜோதி? டீச்சரம்மா புதுப் பாடம் சொல்லித்தராங்க. பாடமே திக்குற பாடம்."

அவ்வளவுதான், பற்றிக்கொண்டது; திக்குவாய் டீச்சர் என்ற பெயரும் கூடவே ஒட்டிக்கொண்டது. முதலில் வீட்டுக்கு வீடு வசம்பைச் சுட்டுப் பிள்ளைகளின் நாக்கில் தேய்த்தார்கள். ஏழெட்டுப் பிள்ளைகள் பள்ளிக்கு வருவது நின்றது. மாதம்மா மட்டும் வசம்புக் கசப்போடு வந்து, மறுபடியும் "ம்… மா…" என்று கூட்டிக்கொண்டிருந்தாள். பிறகு ஜோதியம்மாள் ஆஞ்சப்பனைப் போய்ப் பார்த்தாள். ஆஞ்சப்பன் மாட்டுக்குச் சூடு போடுகிறவன். அதே கையால் பிள்ளைகளுக்கும் போடுவான். மஞ்சள் கொம்பை நெருப்பில் காட்டி, நுனி சிவந்ததும் வைப்பான். வர்ற அமாவாசை காலையில் மாதம்மாவின் நாக்கில் வைப்பதென்று முடிவாகிவிட்டது. அமாவாசைக்கு நாலு நாள்தான் இருந்தது.

கிருபாராணி ஜோதியம்மாளின் காலைப் பிடிக்காத குறையாகக் கெஞ்சினாள். நடக்கவில்லை. கடைசியில், போகவே கூடாது என்று நினைத்திருந்த இடத்துக்குப் போனாள்.

"சார், நீங்க ஒரு வார்த்த சொன்னாப் போதும். அது திக்கல் இல்லன்னு சொல்லுங்க."

கங்கப்பன் நிதானமாகப் பொடியை உறிஞ்சினார். "சொன்னா நம்புவாங்களா? நல்லாப் பேசுதுன்னு கண்ணால பாக்கணும் சனங்க. நீ உன் பாடத்த நிறுத்திடு. அந்தக் குட்டிய ஒரு பாடம் தடங்கலில்லாம ஒப்பிக்க வை. அமாவாசையன்னிக்கு எல்லாரையும் இங்க வரச் சொல்றேன், ஆஞ்சப்பனையும்தான். புள்ள சரியாச் சொல்லிடுச்சுன்னா நாக்குக்கு ஒண்ணும் ஆவாது."

"திக்கிச்சுன்னா?"

"அது உன் சாமர்த்தியம்." மூக்கைச் சிந்திச் சுவரில் தேய்த்தார்.

தூ! அந்தச் சுவரைப் பார்த்துக்கொண்டே கிருபாராணி "சரிங்க சார்" என்றாள். சொன்ன வாயைக் கழுவவேண்டும் போலிருந்தது.

அடுத்த மூன்று நாளும் அவள் செய்தது கங்கப்பனின் வேலை. படிக்கத் தெரிந்த பிள்ளையை உட்காரவைத்து, படிப்பை மறக்கடித்தாள். பாடம் சின்னதுதான்: "மழை பெய்தது. ஏரி நிரம்பியது. வாத்து நீந்தியது." இப்படிப் பத்து வரி. மாதம்மாவுக்கு அது ஏறவே இல்லை. அந்தப் பள்ளிக்கூடத்தில் ஒரு பாடம்கூட மனப்பாடமாகத் தெரியாத ஒரே பிள்ளை அவள்தான்! அவளுக்கு அது தேவைப்பட்டதே இல்லை. "எழுதித்தானே இருக்குது டீச்சர், அப்புறம் எதுக்கு நெஞ்சுல வெச்சுக்கணும்?" என்று கேட்டாள். கிருபாராணி புத்தகத்தை மூடிவைத்தாள். "திரும்பச் சொல்லு" என்றாள். அவள் ஒவ்வொரு முறை இழுத்துக் கூட்டும்போதும் தொடையில் ஒரு தட்டு தட்டினாள். பிள்ளையை அடித்ததே இல்லை என்று பெருமை பேசிக்கொண்டிருந்தவள்!

அமாவாசை காலை. பள்ளிக்கூடத்து முற்றத்தில் புளியமரத்தடியில் இருபது முப்பது பொம்பளைகள் கூடிவிட்டார்கள். ஓரமாக ஆஞ்சப்பன் குந்தியிருந்தான். முன்னால் மண்சட்டியில் நெருப்பு, பக்கத்தில் ஒரு முழு மஞ்சள் கொம்பு. ஊதிக்கொண்டிருந்தான். மாதம்மாவுக்குத் தலை வாரிப் பூ வைத்து அழைத்து வந்திருந்தாள் ஜோதியம்மாள்.

கங்கப்பன் ஒரு சின்னப் பிரசங்கமே செய்தார். டீச்சரம்மா தன் தப்பை உணர்ந்துவிட்டாளாம், பிள்ளை நாக்கைச் சரிபண்ணிவிட்டாளாம். பிறகு புத்தகத்தை எடுத்து, கைக்கு வந்த பக்கத்தைத் திறந்து பிள்ளையின் கையில் வைத்தார். எந்தப் பக்கம் என்று பார்க்கவில்லை. பதினைந்து வருஷமாகப் பார்த்த வழக்கமில்லை.

"மழை பெய்தது. ஏரி நிரம்பியது." மாதம்மா கணீரென்று ஆரம்பித்தாள். ஜோதியம்மாளின் முகம் மலர்ந்தது. அப்போது பிள்ளையின் கண் புத்தகத்தில் விழுந்தது. அதில் மழையும் இல்லை, ஏரியும் இல்லை. வேறு பாடம். வாய் ஒன்று சொல்ல, கண் வேறொன்று சொல்ல, பாவம், நின்றுவிட்டாள். விரல் தானாக முதல் எழுத்துக்குப் போனது. "அ… அண்… அணி…"

"திக்குது பாரு!" என்றாள் ஒருத்தி. "சரியாவலியே, அய்யோ!" என்று இன்னொருத்தி மார்பில் அடித்துக்கொண்டாள். ஆஞ்சப்பன் மஞ்சள் கொம்பை எடுத்து நெருப்பில் செருகினான்.

கிருபாராணி எட்டிப் பார்த்தாள். திறந்த பக்கத்தில் ஒரு அணில் படம். 'அணில் மரத்தில் ஏறியது.' பிள்ளை சரியாகப் படிக்கிறாள். அந்த முற்றத்தில் எழுத்துத் தெரிந்தவர்கள் மொத்தம் மூன்று பேர். அதில் ஒருத்தி மாதம்மா. கிருபாராணி மூன்றாவது ஆளைப் பார்த்தாள். கங்கப்பனும் பக்கத்தைப் பார்த்துவிட்டார், புரிந்துகொண்டுவிட்டார். ஒரே ஒரு வார்த்தை, தப்பான பக்கம் கொடுத்துட்டேன் என்று. அவர் அதைச் சொல்லியிருந்தால் போதும். அவர் பொடி டப்பாவைத் திறந்து ஒரு சிட்டிகை எடுத்து, வானத்தைப் பார்த்து உறிஞ்சினார். என்ன ஜென்மமோ!

அவள் சொன்னால் எவரும் நம்பப்போவதில்லை. மஞ்சளின் நுனி கருகிச் சிவந்துகொண்டிருந்தது, காரமான புகை முற்றமெல்லாம் பரவியது. ஆஞ்சப்பன் எழுந்துவிட்டான்.

கிருபாராணி பிள்ளையின் முன்னால் மண்டியிட்டாள். "கண்ண மூடிக்க மாதம்மா" என்றாள். "கண்ண மூடிக்கிட்டுச் சொல்லு."

மாதம்மா அவளையே ஒரு நிமிஷம் பார்த்தாள். பிறகு கண்ணை இறுக்கி மூடிக்கொண்டாள். புத்தகம் கையில் திறந்தபடி இருக்க, மழை பெய்தது, ஏரி நிரம்பியது, வாத்து நீந்தியது என்று பத்து வரியையும் ஒரு இடத்தில்கூட நிற்காமல் பாடி முடித்தாள்.

"பேஷ்!" என்றார் கங்கப்பன். ஜோதியம்மாள் ஓடிவந்து மகளைக் கட்டிக்கொண்டு அழுதாள். டீச்சரம்மாவின் கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். ஆஞ்சப்பன் மஞ்சள் கொம்பை மண்ணில் குத்தி அணைத்தான்; போட வந்த சூட்டைப் போடாமல் போகிற ஏமாற்றம் அவன் முகத்தில் தெரிந்தது.

மாதம்மா இன்னும் கண்ணைத் திறக்கவில்லை.

"டீச்சர்," என்றாள், "இனிமே படிக்கிறப்போ எப்பவும் மூடிக்கணுமா?"

கங்கப்பன் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். சட்டியில் நெருப்பு அணையவில்லை. ஊர்ப் பொம்பளைகள் அத்தனை பேரும் சிரித்த முகமாகக் கிருபாராணியையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"ஆமா" என்றாள் கிருபாராணி.