ஸ்ரீதரன் பிழைக்காத உலகங்கள்

பலகையைப் புரட்டியதும் அடியில் ஒட்டிக்கிடக்கும் ஓடில்லாத நத்தைகளை இரண்டு விரலால் கிள்ளியெடுத்து, ஆனந்தராஜா அண்ணை வேலிக்கு அப்பால் எறிகிறார். அப்பால் இருப்பது ஸ்ரீதரனின் தோட்டம். "கொல்லக்கூடாது தம்பி. வேற உலகத்துக்கு அனுப்பிவிடுறன்" என்கிறார், கையைக் காற்சட்டையில் துடைத்தபடி.

நாங்கள் குடியேறிய சட்டன் நகரில் கவுன்சில் வாடகைக்கு விடும் தோட்டத் துண்டுகளில் எங்கள் மூவருடையதும் பக்கத்துப் பக்கத்தில் இருக்கின்றன. அண்ணை தபால் பிரிக்கும் இடத்தில் விடியற்காலை ஷிப்டை முடித்துவிட்டு, வேலைச் சட்டையோடேயே இங்கு வந்துவிடுவார். அவருக்கும் ஸ்ரீதரனுக்கும் ஒரே மண், ஒரே மழை, ஒரே கடையில் வாங்கிய விதை. ஆனால் ஸ்ரீதரனின் பொலித்தீன் கூடாரத்துக்குள் புடலங்காய்கள் ஆள் உயரத்துக்குத் தொங்கும். அண்ணையின் கூடாரத்தில் அவை முழங்கை நீளத்தோடு சுருண்டுகொள்ளும்.

"விதையில பிழையில்லை. வேர் இஞ்ச நிக்குது, காய் மற்ற உலகங்களில காய்க்குது. அவ்வளவுதான்" என்பார் அண்ணை.

கணக்கில்லாத உலகங்கள் ஒன்றுக்குப் பக்கத்தில் ஒன்றாக இருக்கலாம் என்று யாரோ விளக்கியதை வேலை நேரத்தில் காதில் இயர்போன் மாட்டிக் கேட்டிருக்கிறார். பேசியவர் நட்சத்திரங்களைப் பற்றிச் சொல்லிக்கொண்டே போனாராம். அண்ணைக்கு அறிய வேண்டியிருந்தது ஒன்றுதான்: அங்கெல்லாம் யார் யாரைத் தின்கிறார்கள்? விடையை அவரே தேடத் தொடங்கினார். ஒரு உலகத்தில் வெயில் குறைவு. செடிகள் வெளிச்சம் தேடி நடந்து திரியும், மாடுகள் வேர்விட்டு ஒரே இடத்தில் நிற்கும், புல் கூட்டமாக வந்து மாடுகளை மேயும். இன்னொன்றில் மீன்கள் மேகத்தில் முட்டையிடும். மழை தொடங்கியதும் சனங்கள் குடையைத் தலைகீழாய்ப் பிடித்துக்கொண்டு ஓடுவார்கள். வேறொன்றில் எதுவுமே அழுகாது. "அழுகாட்டி பசளை எங்க? பசளை இல்லாட்டி முளைக்குமோ? முழு உலகமும் பட்டினி" என்பார்.

எல்லா உலகத்திலும் ஸ்ரீதரன் இருப்பான், எல்லாவற்றிலும் கெட்டுப்போவான். புல் முதலில் மேய்வது அவனைத்தான். மேகத்திலிருந்து விழும் பெரிய மீன் அவன் தலையில்தான் விழும். ஒன்றும் அழுகாத அந்த உலகத்தில்கூட, "ஸ்ரீதரன் மட்டும் அழுகுவான். அவனைத் தாட்ட இடத்தில ஒரேயொரு பூசணி முளைக்கும்."

இதைக் கேட்டு அதிகம் சிரிப்பதும் ஸ்ரீதரன்தான். "அண்ணை, இண்டைக்கு என்னை எது தின்னுது?" என்று கேட்டுக்கொண்டே பிளாஸ்கிலிருந்து தேநீர் ஊற்றிக் கொடுப்பான். காய் காய்ப்பதுபோலவே சிரிப்பும் அவனுக்குப் பாடுபடாமலே வருவது அண்ணைக்கு இன்னும் பொறுக்காது. தேநீரைக் குடித்துவிட்டு, "சீனி கூடிப்போச்சு" என்பார்.

ஜூலை மாத வெக்கையில் ஸ்ரீதரன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனான். இருதயத்தில் ஒப்பரேசன் என்றார்கள். அவன் மனைவி கௌசி அண்ணைக்குப் போன் செய்து, கூடாரத்துக்குத் தண்ணீர் விடச் சொன்னாள். அண்ணை உள்ளே போய்ப் பந்தலை அண்ணாந்து பார்த்தார். வெளியே வந்து கதவைச் சாத்தினார். வாளியைத் தொடவில்லை.

"தண்ணி விடேல்லையோ அண்ணை?" என்றேன்.

"ஈரமாத்தான் கிடக்கு."

மண் வெடித்துக் கிடந்ததை நான் என் பக்கத்திலிருந்தே பார்த்தேன்.

மறுநாள் இருவரும் ஆஸ்பத்திரிக்குப் போனோம். விடிந்தால் ஒப்பரேசன். தலையணையில் சாய்ந்திருந்த ஸ்ரீதரன் பாதியாய் வற்றியிருந்தான். "ஒரு உலகம் சொல்லுங்கோ அண்ணை" என்றான். அண்ணை வழக்கம்போலத் தொடங்கினார்: அங்கே குளங்கள் பசி வந்தால் எழும்பி நடக்கும், கரையில் நிற்பவனை… அதோடு நிறுத்திவிட்டார்.

"எல்லா உலகத்திலயும் நான் செத்துத்தானே போறன்" என்றான் ஸ்ரீதரன். இம்முறை அவன் சிரிக்கவில்லை. "நான் தப்புற உலகம் ஒண்டுகூட இல்லையோ அண்ணை?"

அண்ணை ஜன்னலைப் பார்த்தார்.

"இருக்கு" என்றார் கடைசியில். "அங்க நீர் கிழவனாகி, பல்லு விழுந்து, தடியோட திரியிறீர். ஆனா ஒண்டு. உம்மட புடலங்காய் மட்டும் அங்க காய்க்காது."

ஸ்ரீதரன் கையை நீட்டினான். "அது காணும் அண்ணை, போதும்."

அண்ணை வீட்டுக்குப் போகவில்லை. பஸ் எடுத்து நேரே தோட்டத்துக்கு வந்தார். வாடித் தொங்கிய கொடிகளுக்குக் குழாயடியிலிருந்து வாளி வாளியாகத் தண்ணீர் சுமந்தார். ஸ்ரீதரனின் பலகைகளைப் புரட்டி நத்தை பொறுக்கினார். அவற்றை என் பக்கமாக எறிந்தார். கோடை முழுக்க அதுவே வேலையாயிற்று. "வேலை, தோட்டம், வேலை, தோட்டம். இஞ்ச வீட்டிலயும் ஒரு சீவன் காயுது" என்று அவர் மனைவி சிவமலர் போனில் சத்தம் போடுவது எனக்குக் கேட்கும்.

செப்டெம்பரில் ஸ்ரீதரன் கௌசியின் தோளைப் பிடித்தபடி மெல்ல நடந்து வந்தான். கூடாரத்துக்குள் புடலங்காய்கள் நிலத்தைத் தொட்டுக்கொண்டிருந்தன. "எல்லாம் உங்கட கை அண்ணை" என்றாள் கௌசி.

அண்ணையின் முகம் மலரவில்லை. "அதே கை, அதே வாளி" என்று எனக்கு மட்டும் கேட்கும்படி முணுமுணுத்தார். "என்ரது மட்டும் ஏன் சுருளுது?"

ஸ்ரீதரன் ஆக நீளமான காயை அறுத்து, இரு கையிலும் ஏந்திக் கொடுத்தான். "நல்லாயிருக்கு" என்று வாங்கிக்கொண்டு அண்ணை தன் கூடாரத்துக்குப் போனார். அதை ஓரமாய்ச் சாய்த்துவைத்தார். பிறகு பந்தலின் கீழ் குனிந்து, நேராக வளரட்டும் என்று தன் பிஞ்சின் நுனியில் கட்டியிருந்த கல்லை அவிழ்த்துவிட்டு, அதைவிடப் பெரிய கல்லைத் தேடியெடுத்துக் கட்டினார்.